தொழுவத்தில் நின்ற சாட்சி

ஒரு பெண்ணின் கழுத்தில் தாலி கட்டப்பட்டதை என் கண்ணால் பார்த்தேன். சில வருடங்கள் கழித்து, ஒரு மண்டபத்தில் பலர் முன்னிலையில், பார்க்கவில்லை என்று சொன்னேன். அந்தப் பெண் எனக்கு முன்னால்தான் நின்றுகொண்டிருந்தார். பயத்தில் சொன்னேன் என்றோ யோசிக்காமல் சொன்னேன் என்றோ இப்போது எழுதினால் அது இரண்டாவது பொய்யாகிவிடும். நன்றாக யோசித்துத்தான் சொன்னேன். என்ன சொல்வது என்று முதல்நாளே குளியலறைக் கண்ணாடி முன்னால் சொல்லியும் பார்த்திருந்தேன்.

எனக்கு எண்பது வயது தாண்டிவிட்டது. ஜெர்மனியில், கெல்சென்கிர்ச்சன் நகரத்தில் மூன்றாம் மாடியில் தனியாக இருக்கிறேன். யாழ்ப்பாணத்தில் கணக்கு வாத்தியாராக இருந்தவன். இங்கே வந்தபின் அரசாங்கக் கந்தோர்களிலும் வைத்தியசாலைகளிலும் மொழிபெயர்ப்பாளனாக உழைத்தேன். மற்றவர்கள் சொன்னதைக் கூட்டாமல் குறைக்காமல் சொல்வதற்குச் சம்பளம் வாங்கியவன். அதனால்தான் நான் சொன்னதை எல்லாரும் நம்பினார்கள்.

இதை எழுத உட்கார்ந்தால் உடனே எழும்ப வேண்டும் போலிருக்கிறது. யன்னலுக்குப் போகிறேன், திரும்பி வருகிறேன், எழுதியதை அடிக்கிறேன். அந்தப் பெண்ணைப் பற்றி நினைத்தாலே கால்களுக்கு இப்படி ஆகிவிடுகிறது. அவரும் ஓரிடத்தில் இருக்கத் தெரியாதவர்.

அவருடைய பெயரை எழுதப் போவதில்லை. எழுதலாமா என்று அவரிடம் நான் கேட்கவில்லை. கேட்காமல் ஒன்றைச் செய்வதுதான் அவருக்கு உலகத்திலேயே பிடிக்காத காரியம்.

எங்கள் வீட்டுக்கு வந்தால் மேற்சட்டையைக் கழற்றமாட்டார். முழங்காலுக்குக் கீழே தொங்கும் சாம்பல் நிறக் கோட்டு.

“கோட்டைக் கழட்டுமன் பிள்ளை. வீட்டுக்குள்ளை மழை பெய்யாது,” என்பாள் என் மனைவி.

“இல்லையக்கா, உடனை போகோணும்.”

அப்படிச் சொல்லிவிட்டு இரண்டு மணித்தியாலம் நின்றபடி கதைப்பார். தேத்தண்ணீர்க் கோப்பையோடு யன்னலிலிருந்து கதவுக்கும் கதவிலிருந்து யன்னலுக்கும் நடப்பார். எங்கே வைத்தோம் என்பது அவருக்கு நினைவிருக்காது. அவர் போனபின் புத்தக அலுமாரியின் மேலோ, குளியலறைத் தட்டிலோ, ஒருமுறை சப்பாத்துப் பெட்டிக்குள்ளோ ஆறிப்போன தேத்தண்ணீரைக் கண்டெடுப்போம்.

யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் ஐரோப்பிய வரலாறு படித்தவர். அகதியாக வந்து, வதிவிட அனுமதி கிடைத்தவுடன் இங்கேயும் அதையே மறுபடி தொடக்கத்திலிருந்து படித்தார். பிறகு ஒரு பழைய நகரத்தின் ஆவணக்காப்பகத்தில் வேலை. நானூறு ஐந்நூறு வருடங்களுக்கு முன் அந்த ஊர்த் திருமண நீதிமன்றத்துக்கு வந்த வழக்குகளை வாசித்துத் தொகுப்பதுதான் அவர் தொழில். யார் யாருக்கு வாக்குக் கொடுத்தான், யார் ஏமாற்றினான், யாருடைய தகப்பன் சம்மதிக்கவில்லை என்று முழுநாளும் வாசித்துவிட்டு, மாலையில் எங்கள் வீட்டுக்கு வந்து அயல்வீட்டுச் சண்டை போல அதைச் சொல்வார்.

அவரிடம் ஒரு கேள்வி இருந்தது. எந்தச் சபையிலும் அதைக் கேட்டுவிடுவார். “அவளைக் கேட்டனீங்களோ?”

மகளை மருந்தியல் படிக்க விட்டிருக்கிறோம் என்று ஒருவர் பெருமையாகச் சொன்னால், “அவளைக் கேட்டனீங்களோ?” கோயில் திருவிழாவுக்குப் பெண்கள் சமைப்பார்கள் என்று தலைவர் அறிவித்தபோது பின்வரிசையிலிருந்து, “அவையளைக் கேட்டனீங்களோ?” யாரும் கேட்டிருக்கவில்லை. பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். அந்த வருடம் ஆண்கள் சமைத்தோம். சாம்பாரில் உப்பு இரண்டு தரம் விழுந்தது. “கேட்டது நல்லதாப் போச்சு, சாப்பிட்டது கெட்டதாப் போச்சு,” என்றாள் என் மனைவி.

எல்லாத் தடவையும் சிரிப்பில் முடியவில்லை. எங்கள் கட்டிடத்தில் கீழ்வீட்டுப் பெண்ணைப் பார்க்க டுசல்டோர்ஃபிலிருந்து மாப்பிள்ளை வீட்டார் வந்தார்கள். இடையில் நின்று பேசி வைத்தவன் நான். பெண் பத்து வயதில் இந்நாட்டுக்கு வந்தவள், அப்போது பத்தொன்பது. இவர் அந்த வீட்டுக்கு ஏதோ கொடுக்க வந்தவர், வழக்கம்போல் போகவில்லை. கோட்டோடு அறையைச் சுற்றிக்கொண்டிருந்தவர் பெண்ணின் முன்னால் நின்றார்.

“பிள்ளை, உன்னைக் கேட்டவையோ?”

“இல்லை.”

“இப்ப நான் கேக்கிறன்.”

அந்தப் பெண் தாயைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். “உவரைப் பிடிக்கேல்லை எண்டில்லை. எனக்கு உவரைத் தெரியாது. நான் தொழில் படிக்கிறன், ஆவுஸ்பில்டுங் முடிக்கோணும்.”

மாப்பிள்ளையின் மாமன் கடித்த பற்றீஸைத் தட்டில் வைத்துவிட்டார். “உவ ஆர், பாதிரியாரோ? மணவறையிலை கேக்கிற கேள்வியை இஞ்சை வந்து கேக்கிறா.”

“ஓம் அண்ணை, பாதிரியார்மார்தான் இந்த ஊரிலை கேட்டவை. பெட்டை வாய் திறந்து சொல்லாட்டிக் கலியாணம் இல்லை எண்டு திருச்சபைச் சட்டம். தகப்பன்மார் அடிச்சு ‘ஓம்’ சொல்ல வைச்சதும் எழுதிக் கிடக்கு. ஆனாலும் கேட்டவை.”

“அப்ப நாங்களும் அடிச்சுப்போட்டுக் கேப்பமோ?”

மாமனே முதலில் சிரித்தார். பிறகு எல்லாரும். ஆனால் சம்பந்தம் முறிந்துவிட்டது. மாப்பிள்ளைப் பையன் மட்டும் விடுதலையானவன் போல இரண்டாவது பற்றீஸை எடுத்தான். அந்த மாமன் வாசலில் என்னிடம், “படிச்சுப் படிச்சு உந்த மனிசிக்கு மூளை காய்ஞ்சு போச்சு, மாஸ்டர். புருஷன்காரன் பாவம்,” என்றார். நான் தலையாட்டினேன். இப்போது எழுதும்போதுதான் கவனிக்கிறேன்: ‘புருஷன்காரன்’ என்றுதான் அவரும் சொன்னார். ஊரே அப்படித்தான் சொன்னது. தேவைப்படும் வரை யாருக்கும் அதில் சந்தேகம் இருக்கவில்லை.

வெள்ளைக்காரருக்குக் குடும்பம் என்றால் என்னவென்று தெரியுமா, பதினெட்டு வயதில் பிள்ளையை வெளியே விடுகிறவர்கள் என்று நாங்கள் பேசுவோம். அவருக்குக் கோபம் வந்துவிடும். “பதினெட்டோ? அந்தக் காலத்திலை பன்னிரண்டு பதின்மூன்று வயதிலேயே மற்ற வீட்டுக்கு வேலைக்கு அனுப்பிப்போடுவினம். பத்துப் பன்னிரண்டு வருஷம் உழைச்சு, சட்டி பானை, மெத்தை, துணி எல்லாம் சேர்ந்தாத்தான் கலியாணம். சேராட்டிக் கலியாணமே இல்லை. சீதனம் எங்கடை சொத்து எண்டு நினைக்கிறியளோ? படுக்கை விரிப்பை எண்ணிப் பார்த்துத்தான் இஞ்சையும் பெண் எடுத்தவை.” முதலிரவுக்கு அடுத்த காலையில் கணவன் மனைவிக்குக் கொடுக்கும் பரிசைப் பற்றிச் சொல்வார், அது அவளுடைய சொத்து, மற்றவன் கை வைக்க முடியாது. சில ஊர்களில், மாவு பிசைந்து பாண் சுடுகிறவன் இறந்தால் மனைவி கொஞ்சக் காலம்தான் அடுப்பு எரிக்கலாம். அதற்குள் தொழில் தெரிந்த இன்னொருவனைக் கட்டாவிட்டால் கடையை மூட வேண்டும். “அடுப்பு வேணுமெண்டா ஆம்பிளை வேணும். பாருங்கோ அக்கா, பாணுக்குக் கூடப் புருஷன் தேவைப்பட்டிருக்கு.”

ஒரு வழக்கை மட்டும் பல தடவை சொன்னார். வீட்டு வேலைக்காரி ஒருத்தி. எசமானின் தம்பி அவளுக்கு ஒரு சோடி சப்பாத்து வாங்கிக் கொடுத்தான். அந்தக் காலத்தில் ஆண் கொடுக்கும் பொருள் கல்யாண வாக்குக்கு அடையாளம். ஆனால் ‘கல்யாணத்துக்காகத் தருகிறேன்’ என்று சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும். சொல்லித்தான் கொடுத்தான் என்றாள் அவள். வாக்குக் கொடுத்தபின் வைன் ஊற்றிக் குடித்தார்கள், அயல்வீட்டுக்காரனும் கூட இருந்து குடித்தான். பிறகு அவன் பணக்கார வீட்டில் பெண் பேசினான். வழக்கு நீதிமன்றத்துக்குப் போனது. அயல்வீட்டுக்காரனைக் கேட்டார்கள். ‘வைன் குடித்தது உண்மை. அவர்கள் பேசும்போது நான் தொழுவத்தில் மாட்டைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஒன்றும் கேட்கவில்லை’ என்றான். அவள் தோற்றாள்.

“நானூறு வருஷத்துக்கு மேலை ஆச்சு. எனக்கு இன்னும் ஆறேல்லை, அண்ணை.”

“அவன் உண்மையிலேயே தொழுவத்திலை நிண்டிருக்கலாம்தானே?” என்றேன் நான்.

அவர் யன்னலில் நின்று திரும்பினார். “வைன் ஊத்தேக்கை மாத்திரம் வந்தவனோ?”

நான் சிரித்தேன். நல்ல வாதம் என்று பாராட்டினேன்.

இனி அந்தத் தாலியைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

அது அகதி விடுதியில் நடந்தது. நாங்கள் எல்லாரும் வந்த புதிது. என் நண்பன் ஒருவன் இருந்தான். ஊரில் எனக்கு மூன்று தெரு தள்ளி வீடு, என்னைவிட இளையவன், நல்லவன், முடிவெடுக்கத் தெரியாதவன். இவரும் அவனும் விரும்பினார்கள். பதிவுக் கந்தோரில் பிறப்புச் சான்றும் திருமணமாகாதவர் என்ற சான்றும் கேட்டார்கள். ஊரில் போர், சான்று கொடுக்கும் அரசாங்கக் கச்சேரி பூட்டிக் கிடந்தது. காத்திருக்க அவர்களால் முடியவில்லை. ஆகவே விடுதிச் சமையலறையில், குளிர்சாதனப் பெட்டியின் மேல் பிள்ளையார் படத்தை வைத்து, மஞ்சள் கயிற்றில் தாலி கட்டினார்கள். தட்டிலிருந்து கயிற்றை எடுத்து நண்பன் கையில் கொடுத்தவன் நான். இன்னொரு சாட்சி, எங்களோடு இருந்த ஒரு பெரியவர். பிறகு கனடாவுக்குப் போய் அங்கேயே காலமாகிவிட்டார்.

அன்றைக்கும் மணப்பெண் நின்ற இடத்தில் நிற்கவில்லை. கயிறு கட்டி முடிந்ததும் அடுப்பில் பால் பொங்குகிறதா என்று பார்க்கப் போனார். திரும்பி வந்து என்னிடம் சொன்னார்: “ஐரோப்பாவிலை பழைய திருச்சபைச் சட்டப்படி எங்களுக்கு நீங்களும் தேவையில்லை, அண்ணை. அவர் ‘உன்னை எடுத்தன்’ எண்டு சொல்லி நானும் சொன்னாப் போதும், சமையலறையிலை சொன்னாலும் சரி. பிறகு வந்த ஆக்கள்தான் தகப்பனும் வேணும் சாட்சியும் வேணும் எண்டு மாத்தினவை. எதுக்கும் இருக்கட்டும் எண்டுதான் உங்களை நிப்பாட்டி வைச்சிருக்கிறன்.”

ஏழெட்டு வருடம் சேர்ந்து வாழ்ந்தார்கள். பிள்ளை இல்லை. பிறகு பதிவு செய்யலாமே என்று யாராவது சொன்னால் நண்பன், “அதுக்குக் கந்தோரிலை நாள் கேட்டு ஒரு டெர்மின் எடுக்கோணும்,” என்பான், எடுக்கமாட்டான். ஊரிலிருந்து அவன் தாய் தொலைபேசியில் அழுதுகொண்டே இருந்தார். இவர் இரவில் வீட்டுக்குள் நடப்பதும், மேசையில் பழைய வழக்குகளைப் பரப்பி வைப்பதும், யார் வந்தாலும் கேள்வி கேட்பதும் அவனுக்கு அலுத்துப் போயிருக்கலாம். அவன் என்னிடம் அப்படிச் சொல்லவில்லை. சொன்னது வேறு.

“அண்ணை, உங்கடை மச்சாளை வெளியிலை எடுக்கோணும் எண்டு சொன்னனீங்கள்.”

என் மனைவியின் தங்கை அப்போது வன்னியில் இடம்பெயர்ந்து இடம்பெயர்ந்து மரங்களின் கீழ் இருந்தாள். மனைவி சாப்பிடாமல் கிடந்தாள். ஒரு பெண்ணைச் சட்டப்படி இங்கே கொண்டுவர ஒரே சுருக்கமான வழி, வதிவிட அனுமதி உள்ள மாப்பிள்ளை. என் நண்பனுக்கு அனுமதி இருந்தது. பதிவுப்படி அவன் திருமணமாகாதவன்.

நான் இரண்டு நாள் யோசித்தேன். மூன்றாம் நாள் சரி என்றேன்.

செய்தி ஊருக்குப் போனபோது நண்பனின் தாய் ஒரு கதையையும் சேர்த்து அனுப்பினார்: ஜெர்மனியில் மகன் ஒருத்தியை வைத்திருந்தவன், இப்போது விட்டுவிட்டான். அந்த ‘ஒருத்தி’யின் தகப்பன் ஊரில் ஓய்வுபெற்ற தபாலதிபர். அந்தக் கதையைக் கேட்டபின் அவர் வெளியே போவதை நிறுத்திவிட்டாராம்.

அதன்பிறகுதான் அந்தப் பெண் எங்கள் சங்க மண்டபத்துக்கு வந்தார். சனிக்கிழமை, தமிழ் வகுப்புகள் முடிந்து பெற்றோர்கள் கதிரைகளை அடுக்கிக்கொண்டிருந்த நேரம். நிர்வாகக் குழுவில் நானும் ஒருவன். மனைவி வரவில்லை. நண்பனும் வரவில்லை.

“எனக்கு ஆளும் வேண்டாம், காசும் வேண்டாம்,” என்றார் அவர். “கலியாணம் நடந்தது எண்டு நாலு பேர் கையெழுத்து வைச்சு என்ரை அப்பாவுக்கு எழுதுங்கோ. அவ்வளவுதான். நான் வைப்பாட்டியா இருந்தனான் எண்டு அவர் நினைச்சுக்கொண்டு இருக்கிறார்.”

தலைவர் சங்கடப்பட்டார். “பதிவு ஒண்டும் இல்லைத்தானே, தங்கச்சி.”

“சாட்சி இருக்கு. உதிலை இருக்கிறார்.”

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். கையில் கதிரை வைத்திருந்தவர்கள் அதைக் கீழே வைக்கவில்லை.

“மாஸ்டர், நீங்கள் நிண்டனீங்களோ?”

கண்ணாடி முன்னால் சொல்லிப் பார்த்த வாக்கியம் தடங்கலில்லாமல் வந்தது. “நான் சாப்பாட்டுக்குத்தான் போனனான். போகேக்கை எல்லாம் முடிஞ்சுது. தாலி கட்டினதை நான் காணேல்லை.”

அவர் அன்றைக்கு மட்டும் அசையாமல் நின்றார். அப்படி அவரை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. பிறகு மெல்ல, மற்றவர்களுக்கு விளங்காத ஒரு கேள்வியைக் கேட்டார்.

“தொழுவத்திலை நிண்டனீங்களோ, அண்ணை?”

அவர் வாசலுக்குப் போய், திரும்பி, குழு முழுவதையும் பார்த்தார். “வாற பிள்ளையை ஆரும் கேட்டனீங்களோ? அவளுக்கு இது தெரியுமோ?” கதிரை அடுக்கும் சத்தம் மறுபடி தொடங்கியது. அவர் போனபின் தலைவர் என் தோளில் தட்டினார். அந்தத் தட்டல் என் தோளில் இன்னும் இருக்கிறது.

மச்சாள் வந்தாள். நண்பன் என் சகலன் ஆனான். ஒரு மகன் பிறந்தான். குடும்பம் நன்றாகத்தான் இருந்தது. அதையும் சொல்லத்தான் வேண்டும். இவர் நாட்டின் கிழக்கே, டிரெஸ்டன் பக்கம் ஒரு சிறு நகரத்தில் வேலை எடுத்துப் போய்விட்டார். அந்தப் பக்கம் எங்கள் ஆட்கள் இல்லை. என் வீட்டில் அவர் பெயரை ஒருவரும் எடுப்பதில்லை. ஒருமுறை மனைவி புத்தக அலுமாரியைத் துடைக்கும்போது மேல்தட்டில் வட்டமான தேத்தண்ணீர்க் கறையைக் கண்டு, துடைக்காமல் துணியை மடித்துவிட்டு உள்ளே போனாள். அவள் சாகும்வரை நாங்கள் அதைப் பற்றிப் பேசவில்லை.

போன வருடம் சகலன் காலமானான். எங்களில் ஒருவர் இறந்தால் முப்பத்தோராம் நாளுக்குக் கல்வெட்டு அடிப்போம். வாழ்க்கை வரலாறும் தேவாரமும் சேர்த்து ஒரு சிறு புத்தகம், வந்தவர்களுக்கெல்லாம் கொடுப்பது. இந்த நகரத்தில் பாதிப் பேரின் வரலாற்றை எழுதியவன் நான். மச்சாள், “அத்தான், நீங்கள்தானே அவரைச் சின்னனிலை இருந்து தெரிஞ்ச ஆள். நீங்களே எழுதுங்கோ,” என்றாள். பிறந்தது எழுதினேன், படித்தது எழுதினேன். ‘இல்லறத்தில் இணைந்து’ என்ற இடத்தில் கை நின்றுவிட்டது. மூன்று நாள் அந்தத் தாளைச் சுற்றி நடந்தேன். பிறகு மச்சாள் வீட்டுக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன்.

அவள் அழவில்லை. “நான் வரேக்கை அலுமாரியிலை ஒரு சீலை கிடந்தது,” என்றாள். “ஆற்றை எண்டு கேட்டன். முந்தி இருந்த ஆக்கள் விட்டிட்டுப் போனது எண்டு சொன்னார். நல்ல சீலை. முதல்முதல் கோயிலுக்கு அதைத்தான் கட்டிக்கொண்டு போனனான். எல்லாரும் பார்த்திருப்பினம், என்ன?”

ஓம் என்றேன். பார்த்தோம். நானும் பார்த்தேன்.

“கல்வெட்டிலை அவவின்ரை பேரையும் போடுங்கோ,” என்றாள்.

மச்சாளின் மகன் தன் காரில் என்னை அவரிடம் அழைத்துப் போனான். இவர் ஓய்வுபெற்று, அந்தச் சிறு நகரத்தின் பழைய தெருக்களைப் பார்க்க வருகிறவர்களுக்கு விளக்கம் சொல்லிக்கொண்டு நடப்பவராக இருந்தார். நாங்கள் போய்ச் சேர்ந்தபோது இந்தியாவிலிருந்து வந்து டிரெஸ்டனில் படிக்கும் தமிழ் மாணவர்கள் கொஞ்சப் பேர் அவர் பின்னால் போய்க்கொண்டிருந்தார்கள். தலை முழுதும் வெள்ளை. கோட்டு வேறு, நடை அதேதான்.

“மேம், அப்போ லவ் மேரேஜ் எல்லாம் இருந்துச்சா?” என்று ஒரு பெண் கேட்டாள்.

“லவ்வும் இருந்தது, மேரேஜும் இருந்தது. ரெண்டும் ஒரே வீட்டிலை இருந்ததோ எண்டதுதான் கேள்வி.” மாணவர்கள் சிரித்தார்கள். அவர் திரும்பியபோது என்னைக் கண்டார். ஆச்சரியப்படவில்லை. “வாங்கோ அண்ணை. பின்னாலை வாங்கோ. நிக்க ஏலாது, இவைக்கு ரயில் இருக்கு.”

கருங்கல் பதித்த ஏற்றமான தெரு. ஊன்றுகோலோடு அவர் பின்னால் ஏறினேன். மாணவர்கள் படம் எடுக்க முன்னால் ஓடியபோது பக்கத்தில் போய், மூச்சு வாங்க, “நான் அண்டைக்குப் பொய் சொன்னனான்,” என்றேன்.

“தெரியும். நான் அங்கைதானே நிண்டனான்.”

“மன்னிக்கச் சொல்லி வரேல்லை.”

“அப்ப என்னத்துக்கு வந்தனீங்கள்?” நடந்துகொண்டே கேட்டார். “ஏன் சொன்னனீங்கள் எண்டும் தெரியும். உங்கடை மச்சாள் வன்னியிலை நிண்டவள். அதை என்னட்டை வந்து சொல்லியிருந்தா நான் ஆளை விட்டிருப்பன். கலியாணம் நடந்தது, முறிஞ்சுது எண்டு சொல்லியிருக்கலாமே. நான் வாசிச்ச வழக்குகளிலை பெட்டையளுக்குக் கலியாணத்தை முறிக்கிறதுக்கு வழி இருக்கேல்லை, அண்ணை. அதாலை அவையின்ரை ஆம்பிளையள் நடக்கவே இல்லை எண்டு பொய் சொன்னவை. உங்களுக்கு என்ன வந்தது?”

நடந்தது, முறிந்தது. இரண்டு சொல். மச்சாளையும் காப்பாற்றி, இவரையும் காப்பாற்றியிருக்கும். இத்தனை வருடத்தில் ஒரு தடவை கூட அது எனக்குத் தோன்றவில்லை. நான் தெருவில் நின்றுவிட்டேன். அவர் நிற்கவில்லை, சில அடி போய்த் திரும்பி வந்தார்.

கல்வெட்டைப் பற்றிச் சொன்னேன்.

“என்னைப் போடாதேங்கோ. அந்தாளின்ரை புத்தகத்திலை எனக்கு என்ன வேலை? என்ரை அப்பாவுக்கும் கல்வெட்டு அடிச்சவை. பிள்ளையளின்ரை பேர் வரிசையாப் போட்டிருக்கு. என்ரை பேர் இல்லை. அதிலை போட ஏலுமோ உங்களாலை?”

ஏலாது என்றேன்.

“மண்டபத்திலையாவது உண்மையைச் சொல்லுறன்,” என்றேன்.

“சொல்லுறதெண்டாச் சொல்லுங்கோ. எனக்காகச் சொல்லாதேங்கோ. கேக்க வேண்டிய மனிசன் போயிட்டுது.” மாணவர்கள் அழைத்தார்கள். அவர் போய்விட்டார்.

முப்பத்தோராம் நாள், மதியச் சாப்பாட்டுக்கு முன், அதே மண்டபத்தில் எழுந்து நின்று சொன்னேன். என் சகலன் முதலில் கட்டிய தாலியைத் தட்டிலிருந்து எடுத்துக் கொடுத்தவன் நான், அந்தப் பெண் அவனுடைய மனைவி, இங்கே ஒரு சனிக்கிழமை நான் பொய் சொன்னேன் என்று. ஒருவர், “செத்த வீட்டிலை கதைக்கிற கதையோ, மாஸ்டர்?” என்றார். இன்னொருவர், எல்லாருக்கும் தெரிந்ததுதானே, இப்போது எதற்கு என்றார். வயதானவர்களுக்கு இப்படி வரும் என்று ஒரு பெண் பிள்ளைகளுக்கு விளக்குவது கேட்டது. பிறகு சாப்பாடு போட்டார்கள். என் பக்கத்துக் கதிரையில் யாரும் உட்காரவில்லை.

மச்சாள் கைகழுவும் இடத்தில் என்னைப் பிடித்தாள்.

“அவவுக்குச் செய்ததைச் சொன்னியள், சரி. எனக்குச் செய்ததை ஆரிட்டைச் சொன்னனீங்கள், அத்தான்?”

“உன்னைக் காப்பாத்தத்தான்...”

“அதை நான் சொல்லோணும். நீங்கள் சொல்லக் கூடாது.”

அதன்பிறகு அவள் என் தொலைபேசியை எடுப்பதில்லை. மகன் மட்டும் ஞாயிற்றுக்கிழமைகளில் எனக்குத் தொலைபேசி எடுப்பான். மூன்று மாதம் கழித்து ஒரு நாள், தாயை டிரெஸ்டன் பக்கம் கொண்டுபோய் விட்டதாகச் சொன்னான். அவளே முகவரி கேட்டு, அவளே அவரோடு தொலைபேசியில் பேசி, வரலாமா என்று கேட்டிருக்கிறாள். இரண்டு நாள் என்று போனவள் ஒரு கிழமை தங்கினாள். இப்போது மாதம் ஒருதரம் போகிறாள். போகாத மாதம் அவர் இங்கே வருகிறார்; என் வீட்டிலிருந்து நான்கு பஸ் தரிப்பு தள்ளி, மச்சாள் வீட்டடியில் இறங்குவாராம்.

“என்ன கதைக்கினம்?” என்று கேட்டேன்.

“தெரியாது, பெரியப்பா. நான் உள்ளை போனாக் கதையை மாத்திப்போடுவினம். சில நேரம் சிரிக்கினம். ஒருக்கா ரெண்டு பேரும் அழுதவை.”

கேட்கக் கூடாது என்று தெரிந்துகொண்டே கேட்டேன். “என்னைப் பற்றி ஏதும் சொன்னவையோ?”

அவன் பொய் சொல்லத் தெரியாத பையன். கொஞ்சம் யோசித்தான்.

“இல்லை, பெரியப்பா. உங்கடை கதை வாறேல்லை.”